தாளில் இல்லாத காட்சி

ஐரிஷ் பெண்கள் இவ்வளவு தூஷணம் பேசுவார்கள் என்று எனக்கு யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அந்த வேலைக்கு நான் தலையாட்டியிருக்க மாட்டேன்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. ரொறன்ரோவில், சென் ஜேம்ஸ் ரவுணில் நாங்கள் இருந்த கட்டடத்திலிருந்து ஐந்து நிமிட நடையில் ஒரு தேவாலயம். அதன் நிலக்கீழ் மண்டபத்தில் கிழமைக்கு இரண்டு தரம் பெண்கள் கூடுவார்கள். தையல், ஆங்கில வகுப்பு, தேத்தண்ணி, அதற்குமேல் ஊர்க்கதை. அந்தப் பெண்கள் நிலையத்தை நடத்தியவள் ஒருநாள் என்னைக் கூப்பிட்டு, மகளிர் தினத்துக்கு ஒரு படம் போடப் போகிறோம் என்றாள். அயர்லாந்துப் படம். பெரிய கம்பனி எதுவும் பின்னால் இல்லாமல் நாலைந்து பேர் சேர்ந்து, கிடைத்த இடத்தில் கிடைத்த ஆட்களை வைத்து எடுத்தது. சிறையிலிருந்த அரசியல் கைதிப் பெண்களைப் பற்றியது. தமிழ்ப் பெண்கள் இருபது பேராவது வருவார்கள், நீ பக்கத்திலிருந்து மெதுவாகத் தமிழில் சொல்லிக்கொண்டு போனால் போதும், உன் ஆங்கிலம்தான் நல்லது என்றாள்.

அந்தக் கடைசி வசனத்தில்தான் நான் விழுந்தேன். கன்னியர் மடத்துப் பள்ளிக்கூடத்தில் படித்த ஆங்கிலம் என்று எனக்கு அப்போது ஒரு தலைக்கனம். யாராவது அதைப் புகழ்ந்தால் கிணற்றில் குதி என்றாலும் குதிப்பேன்.

மறுத்திருக்க வேண்டியதற்குக் காரணம் இருந்தது. நான் கொழும்பில் பதினான்கு மாதம் சிறையிலிருந்தவள். அது ரொறன்ரோவில் என் அண்ணாவுக்கும் அண்ணிக்கும் மட்டும் தெரியும். மற்ற எல்லோருக்கும், நான் அந்தப் பதினான்கு மாதமும் கொழும்பில் ஒரு ஹொஸ்ரலில் தங்கித் தட்டச்சுப் படித்தேன்.

இந்த ஹொஸ்ரலைக் கட்டியது அம்மா. பாஸ்போட் எடுக்கக் கொழும்புக்குப் போனவளை ஒரு லொட்ஜில் நடந்த சுற்றிவளைப்பில் பிடித்தார்கள். என்னிடம் இருந்த குற்றம் யாழ்ப்பாண முகவரி போட்ட ஓர் அடையாள அட்டை. வழக்கும் போடவில்லை, விடவும் இல்லை. ஊரில் மகள் எங்கே என்று கேட்டவர்களுக்கு அம்மா முதல் நாளே ஹொஸ்ரல் என்றா. சிறைக்குப் போய்வந்த பெண் என்றால் சனம் ஒரு கேள்விதான் கேட்கும், அதையும் வாயால் கேட்காது. அந்தக் கேள்விக்கு முன்னால் அம்மா ஒரு கட்டடத்தையே எழுப்பி, அதற்கு வார்டன், சாப்பாட்டு நேரம் எல்லாம் வைத்திருந்தா. நான் கனடாவுக்கு விமானம் ஏறும்போது அம்மா சொன்னது ஒன்றே ஒன்று. "ஜெயில் எண்டு ஒரு குஞ்சுக்கும் சொல்லக்கூடாது."

அண்ணா அந்தக் கட்டளையை அகதி விண்ணப்பப் படிவம்வரை கொண்டுபோனான். எங்கள் கட்டடத்தில் எல்லோருக்கும் படிவம் எழுதிக் கொடுக்கிற ஒருவர் இருந்தார். எல்லோருக்கும் அவர் சொல்கிற கணக்கு ஒன்று. ஜெயில் என்று எழுதினால் ஆயுத இயக்கத்து ஆள் என்று நினைப்பார்கள், இயக்கம் என்று நினைத்தால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். ஆகவே என் படிவத்தில் ஷெல்லடி இருந்தது, இடம்பெயர்வு இருந்தது, பயம் இருந்தது. சிறை இருந்த இடத்தில் தட்டச்சு ஹொஸ்ரல் இருந்தது. நானும் கையெழுத்து வைத்தேன். விசாரணைக்கு நாள் குறித்து வந்தது, படம் போடுகிற அந்தச் சனிக்கிழமையிலிருந்து ஏறக்குறைய ஐந்து கிழமையில்.

இதில் ஒரு பகிடி என்னவென்றால் எனக்குத் தட்டச்சுத் தெரியாது. நிலையத்தில் ஒரு அறிவித்தல் தட்டச் சொன்னார்கள் என்று ஒருதரம் வெட்டுக்காயம் என்று கைவிரலுக்குத் துணி சுற்றிக்கொண்டு போயிருக்கிறேன்.

படத்தைக் கொண்டுவந்தவள் ஓர் ஐரிஷ்காரி. ஐம்பது வயதிருக்கும், நரைத்த தலை, கம்பளிச் சட்டையின் கைகளை முழங்கைவரை மடித்துவிட்டிருந்தாள். படம் எடுத்தவர்களில் அவளும் ஒருத்தி, ஒலிவாங்கி பிடித்தவளாம். ஐரிஷ் உச்சரிப்பு எங்களுக்குப் பிடிபடாது என்று வசனங்களையெல்லாம் தட்டச்சுச் செய்து ஒரு கட்டுத் தாள் கொண்டுவந்திருந்தாள். நான் முதல்நாள் அதை வாங்கிப் பென்சிலால் தமிழ் எழுதி வைத்தேன். தூஷணங்களைக் கண்டு திகைத்ததும் அப்போதுதான். பக்கத்துக்குப் பத்து. எல்லாவற்றையும் சனியன், மூதேவி, நாசமறுவான் என்ற மூன்றுக்குள் அடக்கினேன்.

சனிக்கிழமை பின்னேரம் மூன்று மணிக்கு மண்டபத்து யன்னல்களைக் கறுப்புத் துணியால் மூடினார்கள். சுவரில் ஒரு வெள்ளைத் துணி. தமிழ்ப் பெண்கள் இடது பக்கத்தில் மூன்று வரிசையில் இருந்தார்கள். நான் நடுவில், மடியில் தாள்களும் கையில் சின்ன ரோச் லைற்றுமாக. எனக்கு வலப்பக்கம் ஓர் அன்ரி. மன்னார்க்காரி, எங்கள் கட்டடத்தில் எங்களுக்கு மூன்று மாடி கீழே இருந்தவ. கோயில் பாடற்குழுவில் பாடிப் பாடி உரத்துப் போன குரல். மெதுவாகக் கதைப்பது என்றால் என்னவென்று அவவுக்குத் தெரியாது.

படம் சின்னப் படம். ஒரு சிறை, ஒன்பது பத்துப் பெண்கள், பெரும்பாலும் ஒரே தாழ்வாரம். கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. தங்களை அரசியல் கைதிகள் என்று சொல்லவேண்டும், கள்ளிகளோடும் கொலைகாரிகளோடும் சேர்த்து எண்ணக்கூடாது என்று அந்தப் பெண்கள் பிடிவாதம் பிடிக்கிறார்கள். அதற்காக ஒவ்வொன்றாக இழக்கிறார்கள். கடிதம் போகிறது, நடைநேரம் போகிறது, பிறகு படுக்கை விரிப்பும் போகிறது. அவர்கள் விடுவதாயில்லை. அந்தப் பெயரைத் தாருங்கள் என்று கதவில் அடிக்கிறார்கள்.

தாளைப் பார்த்து வாசித்துக்கொண்டே எனக்கு உள்ளுக்குள் எரிச்சல் ஏறத் தொடங்கியது. யார்மேல் என்று முதலில் விளங்கவில்லை. பிறகு விளங்கியது. இவர்கள் கைதி என்ற சொல்லுக்காகப் படுக்கை விரிப்பைக்கூட இழக்கிறார்கள். நானோ அந்தச் சொல் என்மேல் பட்டுவிடக்கூடாது என்று விரலுக்குத் துணி சுற்றிக்கொண்டு திரிகிறேன். அவர்களுக்குச் சொல்வதற்கு அரசியல் இருந்தது, எனக்கு ஓர் அடையாள அட்டைதான் இருந்தது என்று எனக்கு நானே நியாயம் சொல்லிப் பார்த்தேன். அது எடுபடவில்லை.

அரை மணி நேரம் போனபின் சோதனைக் காட்சி வந்தது. இரண்டு காவல்காரிகள் ஒரு பெண்ணை அறைக்குள் கொண்டுபோய் உடுப்பைக் கழற்றச் சொல்கிறார்கள். அவள் மறுக்க அவர்களே இழுத்துக் கழற்றுகிறார்கள். காமெரா அவளுடைய முகத்தில் மட்டும் நிற்கிறது. நான் தாளைப் பார்த்து, "சோதிக்கினம்" என்றேன். அதோடு நிறுத்திவிட்டேன்.

"பிள்ளை, எங்களுக்குக் கண் தெரியுது," என்றா அன்ரி. "என்ன சொல்லுறாள் எண்டு சொல்லும்."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். எனக்குக் காது சுட்டது. அதற்குப்பிறகு எழுதி வைத்திருந்ததை விட்டுவிட்டு, அவர்கள் சொன்னதைச் சொன்னபடியே சொன்னேன். தூஷணம் வந்த இடத்தில் தூஷணமே சொன்னேன். யாரும் எழும்பிப் போகவில்லை.

அடுத்து வந்த காட்சியில் வசனம் இல்லை. தாளில் அந்த இடத்தில் வெறும் கோடு. ஒருத்தியைப் பார்க்கத் தாய் வந்திருக்கிறாள். கூப்பிட்டுப்போக ஆள் வருமுன் அவள் தன் கன்னங்களை இரண்டு கையாலும் கிள்ளுகிறாள். ஒருதரம் அல்ல, நாலைந்து தரம். பிறகு பக்கத்தில் நிற்பவளிடம் முகத்தைக் காட்டுகிறாள். பக்கத்தில் நிற்பவள் இன்னும் கொஞ்சம் என்கிற மாதிரித் தலையை ஆட்டுகிறாள். மண்டபத்தில் புரொஜெக்ரர் ஓடுகிற சத்தம் மட்டும் கேட்டது.

நான் பேசிக்கொண்டிருந்தேன்.

"அம்மா வந்து பாக்கேக்கை முகம் வெளிறிக் கிடக்கக்கூடாது எண்டு கிள்ளுறாள். இரத்தம் வந்து சிவக்கும். வெள்ளைத் தோலுக்குத்தான் அது சரிவரும். எங்களுக்குக் கிள்ளினாலும் சிவக்காது. அதுக்கு வேறை வழி இருக்கு. மத்தியானப் பருப்பிலை மேலை கொஞ்சம் எண்ணெய் மிதக்கும். அதை விரலாலை வழிச்சு மூஞ்சையிலை பூச வேணும். நெத்தி, கன்னம், மூக்கு நுனி. தூரத்திலை நிண்டு பாத்தால் முகம் மினுங்கும். பிள்ளை நல்லாச் சாப்பிடுது எண்டு அம்மா நினைப்பா. பருப்பு வராத நாளிலை ஆரும் பாக்க வந்தால்தான் கரைச்சல்."

சொல்லி முடிக்கவும் முதல் சுருள் முடிந்தது. ஒரே ஒரு புரொஜெக்ரர்தான். ஐரிஷ்காரி அடுத்த சுருளை மாட்டுவதற்காக யாரோ லைற்றைப் போட்டுவிட்டார்கள்.

அன்ரி முழு உடம்பையும் திருப்பி என்னைப் பார்த்தா.

"உது படத்திலை இல்லையே பிள்ளை. உமக்கு எப்பிடித் தெரியும்?"

அவவின் குரல் மூன்று வரிசைக்கும் கேட்டது. இருபது பெண்களும் என்னைப் பார்த்தார்கள். ஹொஸ்ரல் சாப்பாடு என்று சொல்லியிருக்கலாம். எங்கேயோ வாசித்தேன் என்று சொல்லியிருக்கலாம். வாய்வரை வந்தது. ஆனால் அரை மணி நேரமாக அந்தப் பெண்கள் கதவில் அடித்த சத்தம் இன்னும் காதுக்குள் இருந்தது, அதற்கு முன்னால் இன்னொரு பொய்யைத் தூக்கி வைக்க எனக்கு வெட்கமாக இருந்தது.

"நான் இருந்தனான் அன்ரி. கொழும்பிலை. பதினாலு மாசம்."

முன்வரிசையில் ஒருத்தி கையிலிருந்த தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தாள். ஐரிஷ்காரி சுருளை மாட்டிவிட்டு எங்களைப் பார்த்து, என்ன நடந்தது என்று கேட்டாள். நான் ஆங்கிலத்தில் சொன்னேன். அவள் வந்து என்னைக் கட்டிப்பிடிக்கவில்லை, கண்ணைத் துடைக்கவும் இல்லை. நிறுத்தவா, தொடரவா என்று மட்டும் கேட்டாள். தொடரச் சொன்னேன். மிச்சப் படத்துக்கும் நான்தான் தமிழ் சொன்னேன், குரல் ஓரிடத்திலும் உடையவில்லை. அதைப்பற்றி எனக்கு இன்றைக்கும் பெருமைதான்.

எங்கள் கட்டடத்தில் எலிவேற்றர் பாதி நாள் ஓடாது. செய்திக்கு எலிவேற்றர் தேவையில்லை. நான் மாடியேறி வீட்டுக் கதவைத் திறந்தபோது அண்ணா சமையலறையில் நின்றுகொண்டிருந்தான். அவன் ஒரு ரெஸ்ரோறன்ரில் சமையல் வேலை. அன்றைக்கு வேலைக்குப் போக உடுத்த உடுப்போடு அப்படியே நின்றான்.

"என்ன சொல்லிப்போட்டு வந்தனீ?"

"உள்ளதைச் சொன்னனான்."

"உனக்கென்ன விசரே? ஹியரிங்குக்கு அஞ்சு கிழமை கிடக்கு. படிவத்திலை ஹொஸ்ரல் எண்டு கிடக்கு. இஞ்சை முழுக்க ஜெயில் எண்டு சனம் கதைக்குது. ஆராவது கொண்டுபோய்ச் சொன்னால்?"

"ஆரும் சொல்லத் தேவையில்லை. நானே சொல்லப்போறன்."

அவன் என்னை அடிக்கப் போகிறவன் மாதிரிப் பார்த்தான். என் அண்ணா கை நீட்டுகிறவன் அல்ல. கதிரையில் இருந்து தலையைக் கையில் பிடித்துக்கொண்டான். நான் வருவதற்காக அவன் மூன்று வருஷம் இரண்டு வேலை பார்த்தவன். என்னைத் திருப்பி அனுப்பினால் அவன் உடைந்துபோவான் என்று எனக்குத் தெரியும். எனக்கும் பயம்தான். கொழும்பு விமான நிலையத்தில் திரும்ப இறங்குகிற கனவு எனக்குக் கிழமைக்கு ஒருதரமாவது வந்துகொண்டிருந்தது.

"அம்மாவுக்கு என்ன சொல்லப்போறாய்?" என்றான் கடைசியில்.

நான் கோட்டைக் கழற்றிக் கொளுவினேன்.

இடையில் இன்னொன்றும் நடந்தது. ரெக்ஸ்டேலில் ஒரு மாப்பிள்ளை வீட்டார் எனக்குப் பேசிக்கொண்டிருந்தார்கள். அந்தச் சனிக்கிழமைக்குப் பிறகு அவர்களுடைய தொலைபேசி ஊமையாகிவிட்டது. அண்ணி நாலு நாள் முகத்தை நீட்டிக்கொண்டு திரிந்தா. மாப்பிள்ளையின் படத்தை நான் பார்த்திருந்தேன், அதனால் எனக்குப் பெரிய நட்டம் தெரியவில்லை.

திங்கட்கிழமை லோயரிடம் போனேன். அன்ரியும் வந்தா. நான் கூப்பிடவில்லை. கீழே வாசலில் கோட்டும் சப்பாத்தும் போட்டுக்கொண்டு ஒரு பிளாஸ்க்கோடு நின்றா. "தனியப் போறேல்லை," என்றா, அவ்வளவுதான். ஸ்ரீற்காரில் போகும் வழியில் அவ ஒன்றும் கேட்கவில்லை. அவவைப் பற்றிக் கட்டடத்தில் எல்லோரும் வாய்க்காரி என்பார்கள். என் கதையை அவ யாருக்கும் சொல்லவில்லை என்று பிறகுதான் தெரிந்தது. மாடியேறிய செய்தி வேறு வாயால் ஏறியது.

லோயர் ஒரு வெள்ளைக்காரப் பெண். மேசை முழுக்கக் கோப்புகள், எப்போதும் களைத்த முகம். நான் சொல்லச் சொல்ல அவள் எழுதுவதை நிறுத்திவிட்டாள். பிறகு மிகப் பொறுமையாக எனக்கு விளக்கினாள். முதற்படிவத்தில் இல்லாத ஒன்றை விசாரணைக்கு முன்னால் சேர்த்தால், கேஸைப் பலப்படுத்தக் கட்டின கதை என்றுதான் முதலில் நினைப்பார்கள். ஒரு இடத்தில் பொய்க்காரி என்று தீர்மானித்தால் மற்ற எல்லாம் அதோடு போய்விடும். இருக்கிற படிவமே பரவாயில்லை, வெல்லவும் கூடும். மாற்றினால் கூடுதலாக வெல்லலாம், முழுதாகத் தோற்கவும் செய்யலாம். யோசித்து வா என்றாள்.

"யோசித்துத்தான் வந்தேன்," என்றேன்.

"சிறையில் இருந்ததற்கு ஏதாவது தாள்?"

விடுதலைத் துண்டு ஒன்று தந்திருந்தார்கள். அதை அம்மா அடுப்பில் போட்டுவிட்டா. ஹொஸ்ரலில் இருந்தவளுக்கு எதற்கு விடுதலைத் துண்டு.

அன்றிரவு சாப்பாட்டுக்கு முன்னம் அம்மாவுக்குக் கடிதம் எழுதினேன். அம்மா அப்போது வெள்ளவத்தையில் ஒரு வீட்டில் அறை எடுத்து இருந்தா. தொலைபேசி வீட்டுக்காரரின் முன்விறாந்தையில். எடுத்தால் அவர்கள் எல்லோரும் சுற்றிவர நிற்பார்கள், இதையெல்லாம் அதில் கதைக்க முடியாது. கடிதத்தில் நடந்ததை அப்படியே எழுதினேன். படம், அன்ரி கேட்ட கேள்வி, நான் சொன்ன பதில். பருப்பு எண்ணெய்க் கதையையும் முதல்தரமாக அம்மாவுக்கு எழுதினேன். அம்மா, நீங்கள் சொன்ன சொல்லை நான் மீறிவிட்டேன், இனியும் மீறப்போகிறேன் என்று முடித்தேன். மன்னிப்புக் கேட்டு ஒரு வரி எழுதி அதை வெட்டிவிட்டேன். கேட்க வேண்டும்போல் இருந்தது. ஆனால் மன்னிப்புக் கேட்டுவிட்டு அதையே திருப்பிச் செய்வது சரியாகப் படவில்லை.

விசாரணை நாளன்று பனி உருகித் தெருவெல்லாம் சேறு. அண்ணா வேலைக்கு லீவு போட்டுவிட்டு வந்தான். அவன் என்னோடு ஒரு கிழமையாகச் சரியாகப் பேசவில்லை, ஆனால் காலையில் என் சப்பாத்தை அவன்தான் துடைத்து வைத்திருந்தான். அவனும் அன்ரியும் வெளியே வாங்கில் இருந்தார்கள். உள்ளே நீள மேசைக்கு அப்பால் அகதிச் சபையின் இரண்டு அங்கத்தவர்கள், ஓர் ஆண், ஒரு பெண். எனக்குப் பக்கத்தில் லோயர், மற்றப் பக்கத்தில் தமிழ் மொழிபெயர்ப்பாளர். ரை கட்டிய, திருநீறு பூசிய, எங்களூர்ப் பள்ளிக்கூட வாத்தியார் மாதிரி ஒருவர்.

ஆண் அங்கத்தவர் இரண்டு படிவத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். இதில் தட்டச்சு ஹொஸ்ரல் இருக்கிறது, இதில் சிறை இருக்கிறது, எதை நம்பச் சொல்கிறீர்கள் என்று கேட்டார்.

"முதலாவது பொய்," என்றேன். "சிறைக்குப் போன பெண் என்றால் எங்கள் சனம் அவளைப் பார்க்கிற பார்வை வேறு. அதற்குப் பயந்து அம்மா சொன்ன பொய். உங்களுக்குப் பயந்து நான் கையெழுத்து வைத்தேன். சந்தேகமென்றால் ஒரு தட்டச்சு இயந்திரம் கொண்டுவந்து என் முன்னால் வையுங்கள். பதினான்கு மாதம் படித்தவள் எப்படித் தட்டுகிறாள் என்று பாருங்கள்."

மொழிபெயர்ப்பாளர் அதைச் சொன்னதும் பெண் அங்கத்தவர் குனிந்து எதையோ எழுதினார். சிரித்தாரோ என்று இன்றைக்கும் எனக்குச் சந்தேகம்.

பிறகு அவர் சிறைக்குள் எப்படி நடத்தினார்கள் என்று கேட்டார். நான் சோதனையைப் பற்றிச் சொன்னேன். முதல் நாள் நடந்தது, பிறகு ஒவ்வொரு முறை தடுப்பை நீட்டிக்க நீதிமன்றத்துக்குக் கொண்டுபோய்த் திருப்பிக் கொண்டுவரும்போதும் நடந்தது. உடுப்பு முழுவதையும் கழற்றி நிறுத்தியது, எவ்வளவு நேரம், யார் யார் நின்றார்கள், கதவு திறந்து கிடந்தது. வரிவரியாகச் சொன்னேன். தமிழில் அதைச் சொல்வதற்கு எனக்கு இரண்டு வருஷம் எடுத்தது.

மொழிபெயர்ப்பாளர் தொண்டையைச் செருமினார். மேசையைப் பார்த்துக்கொண்டு ஆங்கிலத்தில் ஒரே ஒரு வசனம் சொன்னார். பாதுகாப்புக்காக அவரைச் சோதித்தார்கள்.

அவர்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. தன் தங்கையைப் பற்றிச் சொல்வதுபோல் மூடிச் சொல்லியிருந்தார். தேவாலயத்து மண்டபத்தில் ரோச் லைற்றோடு இருந்து நான் செய்ததும் அதேதான். ஆனால் அந்த மூடலுக்குக் கீழே என் உயிர் கிடந்தது.

நான் ஆங்கிலத்துக்கு மாறினேன். "நான் சொன்னது அதுவல்ல. இவர் மரியாதையான மனிதர், என்னைக் காப்பாற்றப் பார்க்கிறார். எனக்கு வேண்டியது அந்தக் காப்பாற்றல் அல்ல. நான் சொன்னதைச் சொன்னபடி நீங்கள் கேட்கவேண்டும்." பிறகு எல்லாவற்றையும் திரும்ப, முதலிலிருந்து, ஆங்கிலத்தில் சொன்னேன். மொழிபெயர்ப்பாளர் தலையைக் குனிந்தபடி இருந்தார். நான் முடித்ததும் அவர் தெளிவான குரலில், விண்ணப்பதாரி சொல்வது சரி, என் மொழிபெயர்ப்புக் குறைபாடானது, அதைப் பதிவு செய்யுங்கள் என்றார். அந்த மனிதரை நான் மறக்கவில்லை.

கடைசியாகப் பெண் அங்கத்தவர், உங்களைப் பார்க்க யாராவது வந்தார்களா என்று கேட்டார்.

"அம்மா. ஐந்து தரம்," என்றேன். கிளாலியில் வள்ளம் ஏறிக் கடல் கடந்து, வவுனியாவில் பயண அனுமதிப் பாஸுக்கு வரிசையில் நின்று, மூன்று நாள் பயணம் செய்து, கம்பி வலைக்கு அந்தப்பக்கம் பத்து நிமிடம் நிற்க வருவா. வலையின் ஓட்டைக்குள்ளால் விரல்தான் போகும். முகத்தை வலையில் அழுத்திக்கொண்டு நிற்பா. உங்கள் நிலை அம்மாவுக்குத் தெரிந்ததா என்று பெண் அங்கத்தவர் கேட்டார். பருப்பு எண்ணெய்க் கதையைச் சொன்னேன். அதற்குப் பிறகு அவர் வேறொன்றும் கேட்கவில்லை. இரண்டு படிவத்தில் முதலாவதை எடுத்துக் கவிழ்த்து வைத்தார்.

முடிவு தபாலில் வரும் என்றார்கள். ஏழு கிழமையாக, வந்ததா வரவில்லையா என்று தபால்பெட்டியைப் பார்த்துப் பார்த்துத் திரிந்தோம். ஒரு வெள்ளிக்கிழமை அண்ணா வேலையால் வரும்போது இரண்டு கடிதம் கொண்டுவந்தான். ஒன்று நீளக் கவர், அரசாங்க முத்திரை. மற்றது நீலநிற எயார் மெயில். அண்ணா நீளக் கவரைத் தானே பிரித்தான். வாசித்துவிட்டு என் தலையில் கையை வைத்தான். அவன் கை வெங்காயம் மணத்தது. ஏற்றுக்கொண்டார்கள் என்று அந்தக் கையிலேயே தெரிந்தது. நான் அழுதேன், அண்ணியும் அழுதா.

நீலக் கடிதத்தைப் பிரிக்க எனக்கு அதைவிடப் பயமாக இருந்தது. அம்மாவின் எழுத்து, பென்சிலால். வழக்கமாக முதல் அரைப் பக்கம் எல்லோரையும் சுகம் கேட்பா. இதில் அது இல்லை.

"பிள்ளை, உன்ரை கடிதம் கிடைச்சுது. அந்தப் பருப்பு எண்ணெய் எனக்கு அப்பவே தெரியும். கம்பிக்குக் கிட்ட முகத்தை வைச்சனான், மணக்காமல் போகுமே. உள்ளியும் பருப்பும் மணத்தது. பிள்ளை என்னை ஏமாத்தட்டும் எண்டு பேசாமல் இருந்தனான். நீ எனக்காகப் பூசினாய், நான் உனக்காக ஹொஸ்ரல் எண்டன். ரெண்டு பேரும் இனி விடுவம். ஆரும் கேட்டால் ஜெயில் எண்டே சொல்லு. நானும் இஞ்சை வீட்டுக்காரருக்குச் சொல்லிப்போட்டன். அறையை விடச் சொல்லிச்சினம். வேறை அறை பாக்கிறன்."